நான் பிரதி எடுக்காத பக்கம்

தங்கச் சுரங்கத்துக்குள் நான் ஒருநாளும் இறங்கியதில்லை. ஆனாலும் ரொறொன்ரோவிலிருந்து வடக்கே பத்து மணித்தியாலம் கார் ஓடினால் வருகிற ஒரு சின்னத் தங்கச் சுரங்க ஊரைப் பற்றி, அங்கே பிறந்து வளர்ந்த பலரைவிட எனக்கு அதிகம் தெரியும். எந்த வீட்டுக் கூரை எந்த மாரியில் ஒழுகியது, பள்ளிக்கூடத்துக்கு எப்போது புது வாங்குகள் வந்தன, யார் யாரோடு வேலி எல்லைக்குச் சண்டை பிடித்தார்கள் என்பதெல்லாம் தெரியும். தெரிந்தவற்றில் ஒன்றை மட்டும், சொல்லவேண்டிய ஆளுக்குச் சொல்லவேண்டிய நேரத்தில் நான் சொல்லவில்லை.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் ரொறொன்ரோவின் சென் ஜேம்ஸ் ரவுணில் ஒரு மாடிக் கட்டடத்தின் பதினாலாவது தளத்தில் இருந்தேன். இரண்டு அறை வீட்டில் ஐந்து ஆண்கள். மனைவியும் மூன்று வயது மகளும் வெள்ளவத்தையில் ஒரு வாடகை அறையில் விசாவுக்காகக் காத்திருந்தார்கள். முதல் இரண்டு வருடம் ஒரு உணவகத்தின் சமையலறையில் கோப்பை கழுவினேன். பிறகு ஆங்கில வகுப்பில் படிப்பித்த ஒரு பெண்மணி, நான் யாழ்ப்பாணத்தில் காணிப் பதிவுக் கந்தோரில் பதினொரு வருடம் எழுதுவினைஞராக இருந்தவன் என்று கேள்விப்பட்டு, தனக்குத் தெரிந்த ஒருவரிடம் அனுப்பினார். நகரத்தின் நடுவே உயர்ந்த கட்டடம் ஒன்றில் இருந்த ஒரு தங்கச் சுரங்கக் கம்பனியின் தலைமையகம் அது. வேலை நிலவறையில், பழைய பத்திரங்கள் வைக்கும் அறையில்.

அங்கே எனக்கு மேலே இருந்தவர் ஓய்வுபெற இரண்டு வருடம் இருந்த வெள்ளைக்காரர். மெலிந்த மனிதர், எப்போதும் மூக்கு நுனியில் கண்ணாடி. "கோப்புகளைப் பற்றி உனக்கு என்ன தெரியும்?" என்று கேட்டார்.

"தொலைந்த கோப்பைத் தேடலாம். பிழையான இடத்தில் வைத்த கோப்பைத் தேடக்கூட முடியாது" என்றேன், எனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில்.

அவர் சிரித்துவிட்டு அடுத்த திங்கட்கிழமையே வரச் சொன்னார்.

கம்பனியின் அந்த வடக்குச் சுரங்கம் அதற்கு முந்திய வருடம் மூடப்பட்டிருந்தது. அங்கிருந்த கந்தோரைக் காலி செய்து, அறுபது வருடப் பத்திரங்களைப் பெட்டி பெட்டியாக லொறியில் அனுப்பியிருந்தார்கள். காணி உறுதிகளும் நிலத்தடி வரைபடங்களும் பாறை துளைத்த குறிப்புகளும் வைத்திருக்கவேண்டியவை. படங்களும் உதிரிச் சாமான்களும் தனியே. மற்றவை எல்லாம் அழிக்கவேண்டியவை. பெட்டியைத் திறந்து, பார்த்து, மூன்றாகப் பிரிப்பதுதான் என் வேலை. பார்த்தால் போதும், படிக்கத் தேவையில்லை. நான் படித்தேன்.

படிக்காமல் இருக்க முடியவில்லை. இரண்டாம் உலகப் போருக்கு முந்தி ஒருவன் ஏரிக்கரையில் வெள்ளைக்கல்லை உடைத்துப் பார்த்ததில் தொடங்கியது அந்த ஊர். கம்பனி காட்டை வெட்டி நாலு தெருப் போட்டது. வீடுகளும் கடையும் ஆஸ்பத்திரியும் கம்பனியுடையவை. எல்லா வீட்டுக்கும் ஒரே பச்சை நிறம். தன் வீட்டுக்கு மஞ்சள் பூச அனுமதி கேட்டு ஒரு பெண் நாலு கடிதம் எழுதியிருக்கிறார். மூன்று தரம் மறுத்து, நாலாவது தரம், "பின் சுவருக்கு மட்டும்" என்று பதில் போயிருக்கிறது. பின்லாந்துக்காரர்கள் ஏரிக்கரையில் மரத்தால் ஒரு நீராவிக் குளியலறை கட்ட, தீப்பிடிக்கும் என்று கம்பனி தடுக்க, இரண்டு வருடம் கடிதப் போர். மாரியில் பனி விழுந்து பாதை மூடினால் பிரசவத்துக்கு யார் பொறுப்பு என்று கேட்டு ஊர்ப் பெண்கள் எல்லோரும் கையெழுத்து வைத்த ஒரு மனு. அதில் நாலு பேர் கையெழுத்துத் தெரியாமல் கீறல் போட்டிருந்தார்கள். தங்கத்தைப் பற்றித்தான் மிகக் குறைவாக இருந்தது. அது சின்னச் சின்னக் கட்டிகளாகி, காவலோடு ரயிலேறிப் போய்விடும்.

கடைசிப் பெட்டிகளில் ஊர் கலைந்துகொண்டே போனது. கல்லில் தங்கம் குறையக் குறைய முதலில் பள்ளிக்கூடம் மூடியது, பிறகு ஆஸ்பத்திரி. வீடுகளை அடித்தளத்திலிருந்து கிளப்பி, லொறிகளில் ஏற்றி, வேறு ஊர்களுக்கு விற்றிருக்கிறார்கள். எந்த வீடு எங்கே போனது என்று ஒரு பட்டியல்கூட இருந்தது. மதியம் பாணும் சம்பலும் தின்றுகொண்டு அந்தப் பட்டியலை நான் பார்த்துக்கொண்டிருந்ததைக் கண்டு மேலாளர், "அங்கே வீடு வாங்கப் போகிறாயா?" என்று பகிடி விட்டார்.

அடுத்த மாரியில் ஒரு கடிதம் வந்தது. நீல மையில், பள்ளிக்கூடக் கையெழுத்தில். எழுதியவர் அந்த ஊரில் பிறந்த பெண், ஐம்பது வயதை எட்டியவர். பக்கத்து ரவுணில் ஒரு பள்ளிக்கூடத்தில் வேலை. ஊர்க்காரர் எல்லோரும் இரண்டு வருடம் கழித்துக் கோடையில் ஒன்றுகூடப் போகிறார்கள் என்றும், அதற்கு முன் ஊரின் சரித்திரத்தை ஒரு புத்தகமாக எழுதுகிறார் என்றும், படங்களோ வரைபடமோ இருந்தால் உதவவேண்டும் என்றும் கேட்டிருந்தார். கடைசியில், வேறு ஒரு பந்தி.

தான் பள்ளிச் சிறுமியாக இருந்தபோது, ஒரு மாரியில், தன் தகப்பன் சுரங்கத்துக்குள் பாறை விழுந்து இறந்தார். மூடுவதற்கு இருந்த ஒரு பழைய பாதைக்குள் யாருடைய சொல்லும் இல்லாமல் தானாகப் போனார் என்று கம்பனி அறிக்கை சொன்னது. அவரைத் தேடிப் போன பக்கத்து வீட்டுக்காரரும் இரண்டாவது சரிவில் இறந்துபோனார். அந்த வீட்டிலும் சின்னப் பிள்ளைகள். அவருடைய மனைவி அதற்குப் பிறகு தன் தாயோடு பேசவேயில்லை. "அன்றிலிருந்து என் அம்மா அந்தத் தெருவில் தலை நிமிர்ந்து நடந்ததை நான் பார்க்கவில்லை. அவருக்கு இப்போது எண்பது வயதாகப் போகிறது. அப்பா ஏன் அங்கே போனார் என்பதற்கு எங்கேயாவது ஒரு குறிப்பு இருக்குமா?" என்று எழுதியிருந்தார்.

எனக்கு எந்த இடத்தில் தேடவேண்டும் என்று தெரியும். ஒவ்வொரு வேலை முறைக்கும் மேற்பார்வையாளர் ஒரு புத்தகம் வைத்திருப்பார். எத்தனை பேர் இறங்கினார்கள், யார் எந்தப் பக்கம் போனார்கள் என்று பென்சிலால் எழுதுவார். ஷிஃப்ட் புத்தகம் என்று பெயர். அவை அழிக்கவேண்டிய பெட்டிகளில் இருந்தன. விபத்து நடந்த மாரிக்குரிய புத்தகத்தை இரண்டு நாளில் கண்டுபிடித்தேன்.

அந்த நாளின் பக்கத்தில் இரண்டு வரிகள். தடுப்புப் போடுமுன் துளைபொறியை எடுத்துவர அவரைக் கிழக்குப் பழைய பாதைக்கு அனுப்பினேன் என்று ஒரு வரி. கீழே, எழுத்து நடுங்கி, பாறை விழுந்துவிட்டது, தேட ஆள் போயிருக்கிறது என்று மற்றது. அந்த மனிதர் தானாகப் போகவில்லை. அனுப்பப்பட்டிருக்கிறார். தட்டச்சு செய்த கம்பனி அறிக்கை ஒரு வாரம் கழித்து எழுதப்பட்டது. அதுவும் அதே பெட்டியில், அந்தப் பெண் சொன்ன அதே வாசகங்களோடு இருந்தது.

மேலாளரிடம் போனேன். புத்தகத்தைக் கொண்டுபோகவில்லை. "இந்த அம்மா விபத்தைப் பற்றிக் கேட்கிறார். என்ன செய்வது?" என்றேன்.

"படங்களைக் கொடு. விபத்துப் பத்திரங்கள் வெளியே போகக்கூடாது, அது சட்டத்தரணிகளின் உத்தரவு. அப்படியான பதிவுகள் பேணப்படவில்லை என்று மரியாதையாக எழுது." பிறகு கண்ணாடிக்கு மேலால் பார்த்தார். "ஏன், ஏதாவது கண்டாயா?"

"இல்லை" என்றேன்.

அவர் என்னை வெருட்டவில்லை. அதை நான் சொல்லத்தான் வேண்டும். நான் கண்டதைக் காட்டியிருந்தால் அவர் என்ன செய்திருப்பார் என்று எனக்குத் தெரியாது. அதற்கு முதல் கிழமைதான் என் மனைவியின் விசாவுக்கு வேலைக் கடிதம் ஒன்றில் கையெழுத்து வைத்துத் தந்திருந்தார். "நல்ல ஊழியர், நிரந்தர வேலை" என்று அதில் இருந்தது. அந்தக் கடிதம்தான் என் கண்ணுக்குள் நின்றது.

வீட்டில் எங்களோடு இருந்தவர்களில் மூத்தவரை அண்ணை என்று கூப்பிடுவோம். ஊரில் பள்ளிக்கூட அதிபராக இருந்தவர், இங்கே கார் தரிப்பிடத்தில் காவல். அவருக்கு மட்டும் விசயத்தைச் சொன்னேன்.

"உனக்கென்ன விசரே?" என்றார். "மனுசியையும் பிள்ளையையும் கூப்பிடுற அலுவலைப் பார். உது வெள்ளைக்காரற்ற பிரச்சினை. நாப்பது வரியத்துக்கு முந்திச் செத்த ஆள் இனி எழும்பி வரப்போறாரே?"

"அந்த மனுசி உயிரோட இருக்கிறா, அண்ணை."

"இருக்கட்டும். உன்ரை மனுசியும் உயிரோடதானே இருக்கிறா?"

எனக்கு வேண்டிய பதிலைத்தான் அவர் தந்தார். அதற்காகத்தான் அவரிடம் போனேன் என்றும் இப்போது நினைக்கிறேன்.

பதிவுகள் பேணப்படவில்லை என்று மரியாதையாக எழுதி அனுப்பினேன். அத்தோடு முடிந்திருக்கலாம். ஆனால் பனி உருகத் தொடங்கிய நாட்களில் அந்தப் பெண் நேரிலே வந்துவிட்டார். ஒரு பகலும் இரவும் பஸ்ஸில் இருந்து வந்திருந்தார். மேலாளர் மேல்மாடியில் ஒரு கூட்டத்தில் இருந்தார். வரவேற்புப் பெண் அவரை என்னிடம் இறக்கி அனுப்பினாள்.

உயரமான பெண். கம்பளிக் குல்லாவைக் கையில் சுருட்டிப் பிடித்திருந்தார். சுவருக்கு ஒட்டும் கடதாசியின் பின்பக்கத்தில் தன் கையால் வரைந்த ஊர்ப் படம் ஒன்றை மேசையில் விரித்தார். நாலு தெரு, ஒவ்வொரு வீட்டுக்கும் குடும்பத்தின் பெயர். சில வீடுகள் வெறுமையாக இருந்தன. அவற்றில் மூன்றை நான் சொன்னேன். இந்த வீட்டில் இன்னார், இதன் பின் சுவர் மஞ்சள் என்றேன். அவர் என்னைப் பார்த்த பார்வை! "உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்று கேட்டுக் கேட்டுச் சிரித்தார்.

படங்களை எடுத்துக் கொடுத்தேன். பள்ளிக்கூடப் பிள்ளைகள் பனியில் வரிசையாக நிற்கிற படம் ஒன்றில் தன்னைக் கண்டுபிடித்தார். "இந்தக் கோட்டு அக்காவுடையது, எனக்குப் பெரிது" என்றார். பிறகு மெல்ல, "அப்பாவைப் பற்றி ஒன்றும் இல்லையா?" என்றார்.

அந்தப் பெட்டி எனக்குப் பின்னால் ஐந்தாறு அடி தூரத்தில், இரும்புத் தட்டில் இருந்தது.

"மன்னிக்கவேண்டும். தேடிப் பார்த்தேன், இல்லை" என்றேன்.

"நீங்கள் தேடியது எனக்குத் தெரியும்" என்று என் இரண்டு கைகளையும் பிடித்து நன்றி சொல்லிவிட்டுப் போனார்.

பத்திரங்களை அரைக்கும் லொறி வியாழக்கிழமைகளில் வரும். அந்தப் பெட்டியை மூன்று வியாழன் பின்தள்ளி வைத்தேன். நாலாவது வியாழன் காலை புத்தகத்தை வெளியே எடுத்து, அந்தப் பக்கத்தை விரித்துக்கொண்டு நடைபாதையில் இருந்த போட்டோக்கொப்பி இயந்திரத்தின் முன் நின்றேன். மூடியைத் தூக்கினேன். ஒரு பொத்தானை அமத்தும் வேலை. அந்தப் பிரதியை மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்தால் ஒருவருக்கும் தெரியாது. உடனே கொடுக்கத் தேவையில்லை, பத்து வருடம் கழித்தும் கொடுக்கலாம். அதையெல்லாம் அப்போதே யோசித்தேன். ஒருவரும் அந்தப் பக்கம் வரவில்லை. யாராவது வந்திருந்தால் சொல்ல ஒரு சாட்டாவது மிஞ்சியிருக்கும். நான் மூடியை மூடினேன். புத்தகத்தைப் பெட்டியில் வைத்து, பெட்டியை வண்டிலில் ஏற்றி, நானே தள்ளிக்கொண்டு போய்க் கொடுத்தேன்.

அந்த இலையுதிர் காலத்தில் மனைவியும் மகளும் வந்து சேர்ந்தார்கள். நாங்கள் நகரத்தின் கிழக்கே டோர்செட் பார்க் பக்கம் ஒரு வீடு எடுத்துப் போனோம். மேலாளர் ஓய்வுபெற்றார். பிள்ளைக்குப் பள்ளிக்கூடம், மனைவிக்கு ஒரு தையல் தொழிற்சாலையில் வேலை என்று நாட்கள் ஓடின. நான் அதை மறந்துவிட்டேன் என்று சொன்னால் பொய். ஆனால் நினைக்காமல் இருக்கப் பழகிக்கொண்டேன்.

இரண்டு வருடம் கழித்து, கந்தோருக்கு என் பெயருக்கு ஒரு பொதி வந்தது. அந்த ஊரின் சரித்திரப் புத்தகம். நான் கொடுத்த படங்கள் எல்லாம் இருந்தன. வெறுமையாக இருந்த மூன்று வீடுகளுக்கும் பெயர் வந்திருந்தது. மஞ்சள் சுவர்க் கதைகூட இருந்தது. நடுப்பகுதியில் விபத்துப் பற்றி ஒன்றரைப் பக்கம். தகப்பனைப் பற்றி மகள் எழுதிய வசனம் இது: "அவர் ஏன் அங்கே தானாகப் போனார் என்பது ஒருபோதும் தெரியவில்லை. அதனால் ஒரு நல்ல அயலவரும் உயிரிழந்தார்." கடைசிப் பக்கத்து நன்றிகளில், "ரொறொன்ரோக் கந்தோரில் எனக்காகப் பொறுமையோடு தேடியவருக்கு" என்று எழுதி, பக்கத்தில் என் பெயர் இருந்தது.

புத்தகத்தை வீட்டுக்குக் கொண்டுபோய் அலமாரியில் உடுப்புகளுக்குக் கீழே வைத்தேன். அங்கேயே ஒன்றரை வருடத்துக்கு மேல் கிடந்தது. ஒருநாள் உடுப்பு அடுக்கும்போது மனைவி கண்டெடுத்தாள். கடைசிப் பக்கத்தில் என் பெயரைப் பார்த்துச் சந்தோசப்பட்டு, மகளுக்கும் காட்டினாள்.

"இஞ்சாருங்கோ, புத்தகத்தில பேர் வந்திருக்கு. ஏன் ஒளிச்சு வைச்சிருக்கிறியள்?"

அன்றுதான் சொன்னேன். எல்லாவற்றையும் சொன்னேன். அவள் கட்டில் ஓரத்தில் இருந்து கேட்டுக்கொண்டிருந்தாள்.

"எங்களுக்காகவோ செய்தனீங்கள்?" என்றாள்.

"ஓம். வேலை போனால் உம்மைக் கூப்பிடேலாமல் போயிடும் எண்டு பயந்திட்டன்."

"நாங்கள் வந்து நாலு வரியமாகப் போகுது" என்றாள். "இவ்வளவு காலமும் ஆருக்குப் பயந்தனீங்கள்?"



அந்த ஆவணியில் மூவரும் காரில் வடக்கே போனோம். முன்கூட்டி ரெலிபோன் எடுத்து, ஊரைப் பார்க்க வருகிறோம், உங்களையும் சந்திக்கவேண்டும் என்று மட்டும் சொன்னேன். மரங்களைத் தவிர வேறொன்றும் இல்லாத பாதையில் மகள் பின்னாலிருந்து, "அப்பா, வீ ஆர் லொஸ்ட், றைட்?" என்று கேட்டுக்கொண்டே வந்தாள். ஊர் இருந்த இடத்தில் முதலில் நிறுத்தினோம். நாலு தெருவும் புல் மூடிக் கிடந்தன. வீடுகள் இருந்த இடங்களில் சதுரம் சதுரமாகச் சீமெந்துக் குழிகள். எந்தக் குழி யாருடையது என்று எனக்குத் தெரிந்தது. இறந்த இருவரின் வீடுகளும் பக்கத்துப் பக்கத்தில் இருந்த அந்த இரண்டு குழிகளுக்கும் இடையில் நடந்து பார்த்தேன். பத்து எட்டுக்கூட வரவில்லை. முப்பது வருடத்துக்கு மேலாக அந்தத் தூரத்தில்தான் இரண்டு விதவைகளும் பேசாமல் இருந்திருக்கிறார்கள்.

பக்கத்து ரவுணில் அந்தப் பெண் தன் வீட்டு வாசலுக்கு வந்து எங்களை அழைத்துப் போனார். மகளுக்குப் பழரசம் கொடுத்தார். மனைவி பிள்ளையைக் கூட்டிக்கொண்டு பின்வளவுக்குப் போனாள். சமையலறை மேசையில் நாங்கள் இருவரும் இருந்தோம். நான் சுற்றி வளைக்காமல் சொன்னேன். அந்த இரண்டு வரிகளையும் சொல்லுக்குச் சொல் சொன்னேன். அவை எனக்கு மறந்ததே இல்லை.

அவர், "உங்களுக்கு எப்போது தெரியும்?" என்றார்.

"நீங்கள் கந்தோருக்கு வருவதற்கு முந்தியே."

"நான் உங்கள் கையைப் பிடித்தேன்."

"ஓம்."

"அந்தப் புத்தகம் இப்போது எங்கே?"

"அழித்தாகிவிட்டது. நான்தான் கொண்டுபோய்க் கொடுத்தேன்."

எழும்பி யன்னலடிக்குப் போனார். அங்கே நின்றபடி, "அம்மா சித்திரையில் இறந்துபோனார்" என்றார். "நாலு மாதம் ஆகிறது. கடைசி நாட்களில்கூட அதைத்தான் கேட்டார். ஏன் உள்ளே போனார், யார் போகச் சொன்னது என்று."

நாலு மாதம். புத்தகம் என் அலமாரியில் கிடந்த காலத்தில் எந்த ஒரு ஞாயிற்றுக்கிழமையும் ரெலிபோனை எடுத்திருக்கலாம். அந்தக் காலத்துக்கு நான் விசாவைச் சாட்ட முடியாது.

அவர் ஒரு தாளும் பேனையும் கொண்டுவந்து முன்னால் வைத்தார். "எழுதித் தாருங்கள். கையெழுத்து வையுங்கள்." எழுதினேன். வாசித்துப் பார்த்து மடித்து வைத்தார். "நீங்கள் கெட்டவர் என்று நான் சொல்லமாட்டேன். வந்து சொன்னீர்கள். ஆனால் தேநீருக்கு நிற்கவேண்டாம்" என்றார்.

திரும்பி வரும்போது மகள் நித்திரையாகிவிட்டாள். "சொன்னது நல்லதுதான்" என்று மனைவி மெல்லச் சொன்னாள். "பிந்திப்போச்சு. எண்டாலும் சொன்னது நல்லது."

மார்கழியில் அவரிடமிருந்து ஒரு கடிதம் வந்தது. என் கையெழுத்துத் தாளை எடுத்துக்கொண்டு, முதியோர் இல்லத்தில் இருந்த பக்கத்து வீட்டு விதவையிடம் போயிருக்கிறார். அந்த அம்மா அதை இரண்டு தரம் வாசிக்கச் சொல்லிக் கேட்டாராம். "அப்படியானால் நான் இவ்வளவு காலமும் யாரோடு கோபமாக இருந்தேன்?" என்று கேட்டுவிட்டு, சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துவிட்டாராம்.

கடிதத்தோடு புத்தகத்தின் இன்னொரு பிரதியும் இருந்தது. தன்னிடம் மிஞ்சியிருந்த பிரதிகளில் விபத்துப் பக்கத்துக்கு எதிரே ஒரு சீட்டை அச்சடித்து ஒட்டியிருக்கிறார். ஷிஃப்ட் புத்தகத்தின் இரண்டு வரிகள், கீழே, "மூலப் பதிவு அழிக்கப்பட்டுவிட்டது. பார்த்த ஒருவரின் நினைவிலிருந்து" என்று ஒரு குறிப்பு. ஒன்றுகூடலில் வாங்கிக்கொண்டு போனவர்களின் புத்தகங்களில் அந்தச் சீட்டு இல்லை. தபாலில் அனுப்பிப் பார்த்தாராம். பழைய சுரங்கத் தொழிலாளர் சிலர் நம்பவில்லை. ரொறொன்ரோவில் யாரோ ஒரு வெளிநாட்டுக்காரன் நினைவிலிருந்து சொன்னானாம், அவனுக்கு எங்கள் ஊரைப் பற்றி என்ன தெரியும் என்று கேட்டார்களாம். அதை அவர் குறையாக எழுதவில்லை. பனி எவ்வளவு கொட்டியிருக்கிறது என்பதை எழுதுவதுபோல எழுதியிருந்தார்.

அவர்கள் கேட்டதில் பிழையில்லை. அந்த ஒரு பக்கம் கையில் இருந்திருந்தால் ஒருவரும் அப்படிக் கேட்டிருக்க முடியாது.